கறுப்பு ஜெயித்த ஆட்டம்

சதுரங்கத்தில் கிராண்ட்மாஸ்டர் ஆகப் பெரிய போட்டிகளில் நன்றாக ஆடி, நார்ம் என்கிற தகுதியை மூன்று முறை எடுக்க வேண்டும். ரேட்டிங் ஒருமுறையாவது இரண்டாயிரத்து ஐந்நூறைத் தொட வேண்டும். வாங்கிய பட்டத்தை அப்புறம் தொடர்ந்து தோற்றாலும் யாரும் பிடுங்க மாட்டார்கள். தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் இதையெல்லாம் சொல்லுவேன். விழுப்புரத்தில் போட்டித் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருக்கிறேன். நடப்பு நிகழ்வுகளில் சதுரங்கத்திலிருந்து ஒரு கேள்வியாவது வரும் என்று வகுப்பில் சொன்னார்கள். அதனால் யார் எத்தனை வயதில் பட்டம் வாங்கினார், யார் எந்த ஊர்ப் போட்டியில் கடைசிச் சுற்றில் கோட்டைவிட்டார் என்று மனப்பாடம் செய்தேன். செய்யச் செய்ய அது தேர்வுக்கு என்பது போய் ஒரு பைத்தியமாகவே ஆகிவிட்டது.

ஆனால் எனக்கு ஆடத் தெரியாது. கூடப் படிக்கிறவன் டீக்கடையில் வைத்துக் கேட்பான்: "டேய் கிராண்ட்மாஸ்டரு, குதிரை எப்படிடா போவும்?" நான் டீயை ஊதிக் குடிப்பேன். "வுடு மச்சான், அதுக்கு நாலு ஆப்ஷன் குடுத்தாதான் சொல்லுவான்" என்பான் இன்னொருவன்.

ஆடத் தெரிந்தது என் தங்கைக்கு. ஒன்பதாவது படிக்கிறாள். பள்ளிக்கூடத்தில் மழை பெய்தால் விளையாட்டு வகுப்பில் செஸ் போர்டை எடுத்துக் கொடுப்பார்களாம். அப்படிக் கற்றுக்கொண்டு, வட்டாரப் போட்டியில் ஜெயித்து, திண்டிவனத்தில் ஒரு தனியார் பள்ளியில் நடந்த மாவட்டப் போட்டி வரைக்கும் வந்துவிட்டாள். முதல் இரண்டு இடம் வருகிறவர்களை மாநிலப் போட்டிக்கு அனுப்புவார்கள். அப்பா கரும்பு வெட்டப் போயிருந்தார், அம்மாவுக்கு மல்லாட்டைக் கொல்லையில் கடலை பறிக்கிற வேலை. எங்கள் வீட்டில் முதலில் பள்ளிக்கூடம் போனவன் நான்தான் என்பதால் எழுத்து, படிப்பு சம்பந்தப்பட்ட எதற்கும் நான்தான் போவேன். எங்கள் ஊர் கெடாரில் முதல் பஸ்ஸைப் பிடித்தோம்.

ஐந்து ஆட்டத்தில் நான்கை ஜெயித்திருந்தாள். கடைசியான ஆறாவதையும் ஜெயித்தால் இரண்டாம் இடம் உறுதி. நடுவரே அப்படிச் சொன்னார். அந்த ஆட்டத்தில் இவளுக்குக் கறுப்புக் காய். எதிரில் திண்டிவனத்துப் பெண் ஒருத்தி, இவள் வயதுதான்.

கூட வந்தவர்கள் உள்ளே போகக் கூடாது. ஜன்னலுக்கு வெளியே நின்றேன். தங்கை யானையை நகர்த்தினாள், பிறகு நெற்றியைத் தேய்த்தாள், பிறகு மறுபடி யானை. யார் கை ஓங்கியிருக்கிறது என்று எனக்குத் தெரியவில்லை. பக்கத்தில் நின்ற ஒருவர், "உங்க பாப்பா எப்படிங்க?" என்று கேட்டார். "நல்லா போய்க்கினு இருக்கு" என்றேன்.

கொஞ்ச நேரத்தில் இருவரும் கை கொடுத்துக்கொண்டார்கள். அந்தப் பெண் கண்ணைத் துடைத்தாள். காய்களை அடுத்த ஆட்டத்துக்கு அடுக்குவதுபோல வரிசையாக அடுக்கி வைத்துவிட்டு, ஒரு சீட்டில் ஏதோ எழுதினார்கள். என் தங்கை வெளியே ஓடி வந்தாள்.

"அண்ணா, செக்மேட்டு!"

அம்மாவுக்குப் போன் போட்டேன். கொல்லையில் இருந்தாள். "உம் பொண்ணு மாநிலத்துக்குப் போறா" என்றேன். அவள் அங்கேயே மற்றவர்களிடம் கத்திச் சொன்னதும், யாரோ ஒருத்தி "அப்ப டீவில வருமாக்கா?" என்று கேட்டதும் போனில் கேட்டது.

ஒரு மணி நேரம் கழித்துச் சுவரில் பட்டியல் ஒட்டினார்கள். தங்கை ஏழாம் இடம். கடைசி ஆட்டத்துக்கு நேராகப் பூஜ்யம்.

டைப் அடிக்கும்போது தவறு நேர்ந்திருக்கும் என்றுதான் நடுவரிடம் போனேன். நல்ல மனிதர். சிரித்துக்கொண்டே கட்டைப் பிரித்து அந்த முடிவுச் சீட்டை எடுத்தார். சிரிப்பு நின்றுவிட்டது. வெள்ளை ஒன்று, கறுப்பு பூஜ்யம் என்று எழுதியிருந்தது. கீழே இரண்டு கையெழுத்து. இரண்டாவது என் தங்கையுடையது.

"யாரும்மா எழுதினது இது?"

"அந்தப் பொண்ணு சார். வெள்ளைக்காய் வெச்சிருக்கவங்கதான் எழுதணும்னாங்க."

"நீ பாக்கலியா?"

"இங்க போடுன்னு வெரல் வெச்சி காட்டுச்சு சார். போட்டேன்."

எங்கள் தெருவில் ரேஷன் கார்டு, நூறு நாள் வேலை, சாதிச் சான்றிதழ் எதுவானாலும் நான்தான் நிரப்பிக் கொடுப்பேன். நிரப்பி முடித்துக் காகிதத்தைத் திருப்பி, இடத்தில் விரலை வைத்து, "இங்க போடு" என்பேன். அப்பா போடுவார். அம்மா போடுவாள். தங்கைக்கு உதவித்தொகை விண்ணப்பமும் அப்படித்தான். ஒருமுறை அவள் படித்துப் பார்க்கக் குனிந்தபோது, "ஜல்தி போடுடி, ஆபீஸ் மூடிடுவான். நான் பாத்துட்டேன்ல?" என்று அதட்டியது நான்தான். விரல் வைத்தால் கையெழுத்துப் போடுவது எங்கள் வீட்டில் மரியாதை மாதிரி ஆகிவிட்டது.

"சார், இது வேகமா ஆடற ரேப்பிட் ஆட்டம். நகர்த்தினத எழுதி வெக்கிறதில்ல, காயும் அடுக்கிட்டாங்க. வேற எப்படிப் பாக்கறது?" என்று நானே கேட்டேன். கேட்கும்போதே அவருக்கு வேண்டிய பதிலை நானே எடுத்துக் கொடுக்கிறேன் என்று புரிந்தது.

"அதேதான் தம்பி பிரச்சன" என்றார். இருந்தாலும் அந்தப் பெண்ணின் அப்பாவுக்குப் போன் போட்டார். அவர்கள் வீட்டுக்குப் போய்விட்டிருந்தார்கள். ஸ்பீக்கரில் போட்டார்.

"பாப்பா தூங்குதுங்க" என்றது குரல். "கையெழுத்துப் போட்டாங்க இல்ல? அப்பால இன்னா சார் பேஜாரு?"

நடுவர் போனை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். "நீங்க ஜன்னல்லதான நின்னுக்கினு இருந்தீங்க? கடைசில போர்டு எப்படி இருந்துச்சு? ராஜா எங்க இருந்தாரு? நீங்க சொன்னா நான் அந்தப் பொண்ணுகிட்ட நேராவே கேட்டுப் பாக்கறேன். ஏதாவது ஒண்ணு சொல்லுங்க."

தங்கை என் முகத்தையே பார்த்தாள். அவளாகவே வாயைத் திறந்தாள். "ஆடின நீ சொல்லாதம்மா, பாத்த அண்ணன் சொல்லட்டும்" என்று நடுவர் கையைக் காட்டி நிறுத்திவிட்டார்.

பொய் சொல்லலாமா என்று பார்த்தேன். பொய் சொல்லவும் ஆட்டம் தெரிந்திருக்க வேண்டும்.

"ரெண்டு பேரும் கை குடுத்துக்கினாங்க சார்" என்றேன். "அந்தப் பொண்ணு அழுதுச்சு."

"ஜெயிச்சாலும் அழுவும் தம்பி, சின்னப் பசங்க" என்றார். பிறகு மெதுவாக, "நீங்க ஆடுவீங்களா?"

"இல்ல சார்."

பட்டியல் அப்படியே நின்றது. என்ன கேட்டும் மாறவில்லை. வெளியே வந்து விழுப்புரம் பஸ்ஸில் ஏறினோம். அவளுக்கு ஜன்னல் ஓரம் கிடைத்தது. விக்கிரவாண்டி சுங்கச்சாவடியில் வண்டி நின்றபோதுதான் பேசினாள்.

"அவ ராஜாவுக்கு முன்னால அவ சிப்பாயே மூணு நின்னுக்கினு இருந்துச்சுண்ணா. நா யானைய அடி வரிசைக்கு எறக்கினேன். எங்கயும் போக முடியாது. அவ்ளோதான். இதச் சொல்லியிருந்தாலே போதும்."

"மறுபடி சொல்லு" என்றேன்.

இரண்டாவது முறை, இடது உள்ளங்கையை விரித்து, கட்டைவிரல் பக்கம் ராஜா, விரல்கள் எல்லாம் சிப்பாய் என்று காட்டினாள். இப்போது எனக்கு விளங்கியது. மூன்று மணி நேரம் முன்னால் ஜன்னல் வழியே நான் பார்த்ததும் இதைத்தான்.

போன் அடித்தது. அம்மா. கூட இருந்தவர்கள் எல்லோருக்கும் சொல்லியிருப்பாள். தங்கை கையை மடக்கிக்கொண்டு, "நீயே சொல்லுண்ணா" என்றாள். போன் நிற்கிற வரைக்கும் அதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். நின்று, திரும்பவும் அடித்தது. எடுத்தேன்.