ஜன்னலோர இடத்துக்கு ஆள் வருது

அன்னம்மா வியாழக்கிழமை காலை அம்பத்தூரில், ரயில்பாதையை ஒட்டிய தன் வீட்டில் காலமானார். எனக்குச் செய்தி சொன்னவர் அவருடன் வசித்துவந்த மேகலா. தெருமுனை டாக்டர் வந்து பார்த்து உறுதிசெய்தார். "டீ எடுத்துகினு போனேன் சார். ஜன்னல் பக்கமா திரும்பிப் படுத்துகினு இருந்தாங்க. ரெண்டு வாட்டி கூப்டேன். லோக்கல் போற சத்தம் மட்டும்தான் கேட்டுது" என்றார் மேகலா. குரல் உடையவில்லை. நீங்கள் அறிந்த மேகலா அப்படித்தான்.

வெள்ளானூர் இல்லத்தில் வளர்ந்தவர்களுக்கும் ஆவடி லோக்கலில் அவரோடு போய்வந்தவர்களுக்கும் நான் புதிதாக அறிமுகம் செய்ய ஒன்றுமில்லை. மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். பாஸ்போர்ட்டில் அவர் பெயர் ஹன்னா. வெள்ளானூர் இல்லத்தில் போலியோ பாதித்த குழந்தைகளுக்கு நடக்கப் பழக்குவதற்காக இங்கிலாந்திலிருந்து இளம்பெண்ணாக வந்தவர். இல்லத்துச் சமையல்காரர் குப்பம்மாவின் வாயில் 'ஹ' நிற்கவில்லை. வந்த வாரமே அன்னம்மா ஆகிவிட்டார். தமிழையும் குப்பம்மாவிடம்தான் கற்றார். அதனால் அவர் "இன்னா நைனா" என்று வாய்திறந்தால், பேசியது வேறு யாரோ என்று புதியவர்கள் சுற்றிலும் தேடுவார்கள்.

நான் அவரை முதலில் பார்த்தது சென்ட்ரலில், சாயங்கால ஆவடி வண்டியில். வண்டி நிற்கும் முன்பே ஜன்னல் வழியாகக் கைக்குட்டை போட்டு இடம் பிடிப்பது நம் வழக்கம். அவரும் போட்டிருந்தார், நீலக் கட்டம் போட்ட கைக்குட்டை. ஆனால் உட்காரவில்லை. ஜன்னலோர இடத்தைக் காலியாக விட்டுவிட்டு, கம்பியைப் பிடித்தபடி அதன் பக்கத்தில் நின்றார். பாடி தொழிற்சாலைக்கு ஷிஃப்டுக்குப் போகிற தொழிலாளி ஒருவர் அங்கே உட்காரப் போனார்.

"ஆள் வருது" என்றார் அன்னம்மா.

வண்டி பேசின் பிரிட்ஜைத் தாண்டியது. "இன்னாம்மா, வண்டியே ஓடிகினு கீது. உங்க ஆளு பறந்து வருதா?"

"கொஞ்சம் லேட்டு நைனா. வந்துரும்."

"மாமே, பேய்க்கு எடம் புடிச்சி வெச்சிகினு கீது இந்தம்மா" என்றார் அவர் தன் கூட்டாளியிடம். பெட்டியே சிரித்தது. அன்னம்மாவும் சிரித்தார். வில்லிவாக்கத்தில் புத்தகப் பையோடு ஒரு சிறுமி ஏறினாள். அன்னம்மா கைக்குட்டையை எடுத்து இருக்கையைத் தட்டிவிட்டு, "வா கண்ணு, உன் எடம்தான்" என்று அவளை உட்காரவைத்தார். தொழிலாளி அவள் பையை வாங்கி மேலே வைத்தார். நிற்கிற பெண்ணும் காலி இடமும் அன்றிலிருந்து எனக்கு ஒரே படமாக மனதில் தங்கிவிட்டன. அதன்பிறகு பல வருடங்கள் அவரோடு பயணம் செய்தேன். ரயிலில் அவர் உட்கார்ந்து நான் பார்த்ததே இல்லை.

இல்லத்திலும் இதே கதைதான் என்று மேகலா சொல்வார். போலியோ கால்களில் மாட்டிய இரும்புப் பட்டைகளோடு சின்ன வயதில் அங்கே வந்து, நடந்தே வெளியேறி, ஆவடித் தொழிற்சாலையில் தையல் பிரிவில் வேலைபார்த்து ஓய்வு பெற்றவர் அவர். சாப்பாட்டு வரிசையின் கடைசியில் ஒரு தட்டு எப்போதும் கூடுதலாக இருக்குமாம். வெள்ளைக்காரி ஏசுவுக்குத்தான் தட்டு வைக்கிறார் என்று குப்பம்மா முடிவுகட்டி, ஞாயிற்றுக்கிழமைகளில் அந்தத் தட்டில் இரண்டு முட்டை வைத்துவிடுவார். ஒருநாள் அன்னம்மா கவனித்துவிட்டார். "ஏசு எங்க ஆளுதான் குப்பம்மா, எங்க ஜாதிக்காரருதான். ஆனா தட்டு அவருக்கு இல்ல." அவர் யூதப் பெண் என்பது இல்லத்துக்குத் தெரியவந்தது அப்படித்தான். குப்பம்மா அசரவில்லை. "யாருக்கா இருந்தா இன்னா, வர்ற புள்ள பசியோடதான வரும்" என்று அடுத்த ஞாயிறும் இரண்டு முட்டை வைத்தார்.

யாருக்கு அந்த இடம் என்று நான் கேட்டபோதெல்லாம் அன்னம்மா பேச்சை மாற்றிவிடுவார். ஒரு மழை மதியத்தில் கேட்காமலே சொன்னார். அம்பத்தூர் ஸ்டேஷனில் பாதையில் தண்ணீர் ஏறி வண்டி நின்றிருந்தது. எதிர் நடைமேடையில் ஒரு குழந்தை சின்னக் குடை ஒன்றை விரிப்பதும் மடக்குவதுமாக இருந்தது. அன்னம்மா அதையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, தூக்கத்தில் பேசுகிறவர் போல ஆரம்பித்தார்.

அவர் பிறந்த வியன்னா நகரம் நாஜிகளின் கைக்குப் போயிருந்தது. போர் இன்னும் தொடங்கவில்லை. யூதக் குழந்தைகளையாவது காப்பாற்றிவிட வேண்டும் என்று சிலர் முனைந்து, ரயில் ரயிலாக இங்கிலாந்துக்கு அனுப்பிக்கொண்டிருந்தார்கள். குழந்தைகள் மட்டும். பெற்றோர் நடைமேடைக்கு வரக் கூடாது. "எனக்கு ஆறு வயசு. லிஸ்ட்டுல பேரு சேரல. யாராவது வராம போனா எடம் கெடைக்கும்னு அம்மா என்ன மட்டும் உள்ள அனுப்பி வண்டிப் படிகிட்ட நிக்கச் சொல்லிருந்தா. வெயிட்டிங் லிஸ்ட்டு நைனா நானு."

பெட்டிக்குள் ஒரு சிறுமிக்குக் கன்னம் சிவந்திருந்தது. பொறுப்பாக நின்ற பெண்மணி அவள் நெற்றியில் கை வைத்துப் பார்த்தார். காய்ச்சல். நோயுள்ள குழந்தையை ஏற்றினால் எல்லையில் வண்டியையே நிறுத்திவிடுவார்கள் என்ற பயம். ஒரு கையால் அவளை இறக்கி, மறு கையால் ஹன்னாவை ஏற்றி, அந்தச் சிறுமியின் கழுத்தில் தொங்கிய எண் அட்டையைக் கழற்றி ஹன்னாவின் கழுத்தில் மாட்டினார். "அந்தம்மா பேரு தெரியாது. மூஞ்சியும் மறந்துபோச்சி. அந்தக் கை மட்டும் ஞாபகம் கீது."

இறங்கிய சிறுமி ஏறும் முன் ஹன்னாவிடம் பேசியிருந்தாள்; பெயர் லீசல். முன்பல் இல்லை. அப்பாவுக்குக் குடைக்கடை, அவர் செய்துகொடுத்த சின்னக் குடை கையில் இருந்தது. அழவில்லையாம். படியில் நின்று திரும்பிப் பார்த்து, "அடுத்த வண்டியில் வருகிறேன், என் இடத்தை யாருக்கும் கொடுத்துவிடாதே" என்று மட்டும் சொன்னாள். ஆறு வயது ஹன்னா அதை அப்படியே எடுத்துக்கொண்டார். ஜன்னலோர இடத்தில் தன் கையுறையைப் போட்டுவிட்டு, தன் துணிப்பெட்டியின் மேல் உட்கார்ந்தே கடல்வரை போனார். வயல்கள் போயின, நதி போனது, கொடிகள் மாறின. யார் கேட்டாலும் அவர் மொழியில் ஒரே பதில்: ஆள் வருது.

"அப்பா, அம்மா?" என்றேன்.

"எந்த வண்டிலயும் வரல." மழை விட்டிருந்தது. "நீ ரிப்போர்ட்டர்தான? அந்தப் பொண்ணு பொழச்சாளா, அது மட்டும் கண்டுபுடிச்சி சொல்லு. நான் உக்காந்துடுவேன்."

அதை ஒரு செய்தியைத் தேடுவது போலத்தான் தேடினேன். லீசல் அங்கே சாதாரணப் பெயர். குடைக்கடைகளும் பல. பதில் எழுதியவர்கள் எல்லோரும் அன்பாகவே கைவிரித்தார்கள். ஒவ்வொரு முறையும் அன்னம்மாவிடம் போய்ச் சொல்வேன். "தேடு, தேடு. நான் எங்கயும் போகல" என்பார்.

சென்ற வாரம் ஐரோப்பிய ஆவணக் காப்பகம் ஒன்றிலிருந்து பதில் வந்தது. குடைக் கடைக்காரர் ஒருவரின் மகள் லீசல், ஹன்னாவின் வண்டிக்குப் பிந்திய ஒரு வண்டியில் இங்கிலாந்து சேர்ந்திருக்கிறாள். அவளே இவளா என்பது உறுதியில்லை. முதல் வண்டியிலிருந்து காய்ச்சலால் இறக்கப்பட்டதை அவள் தன் வீட்டாரிடம் சொல்லியிருக்கிறாளா என்று அவர்களைக் கேட்க வேண்டும். இதை இதே வார்த்தைகளில் அன்னம்மாவிடம் சொன்னேன். படுக்கையில் இருந்தார். மேகலா தலையணையை உயர்த்திவிட்டார்.

"அப்ப வண்டி ஏறிட்டா" என்றார்.

"இன்னும் உறுதியாகல அன்னம்மா."

"நீ உறுதி பண்ணிகினு இரு நைனா. நான் முன்னாடி போயி எடம் புடிச்சி வெக்கிறேன்."

மேகலா, "இன்னா பேச்சு இது, சும்மா கெடங்க" என்று அதட்டினார். அன்னம்மா கண்ணை மூடிக்கொண்டு சிரித்தார். வெளியே ஒரு லோக்கல் ஆவடிப் பக்கம் போனது. அவரை நான் கடைசியாகப் பார்த்தது அன்றுதான்.

அடக்கம் முடிந்த அன்று மேகலா நீலக் கட்டக் கைக்குட்டையைத் துவைத்து மடித்து என் கையில் வைத்தார். எத்தனையாவது கைக்குட்டையோ தெரியாது. கிழியக் கிழிய அதே துணியில் மேகலாதான் தைத்துக் கொடுத்திருக்கிறார். அன்னம்மாவிடமிருந்து எனக்கு மிஞ்சியது அந்தக் கைக்குட்டையும், வராதவருக்காக நிற்கிற அவருடைய பழக்கமும்.

லீசலின் குடும்பத்தாரிடமிருந்து பதில் இன்னும் வரவில்லை. அடுத்த மாதக் கடைசிக்குள் தெரியும் என்று காப்பகத்தார் சொல்லியிருக்கிறார்கள். வரும் ஞாயிறு மாலை அவர் நினைவாக வெள்ளானூர் இல்லத்தில் கூடுகிறோம். முன்வரிசையில், ஜன்னலோர நாற்காலியில் கைக்குட்டை போட்டிருக்கும். தயவுசெய்து அதில் உட்கார வேண்டாம். ஆள் வருது.