கிங்ஸ்பரியில் கேட்ட டென்மார்க்

காலை 10.20. லண்டன் கிங்ஸ்பரி ரயில் நிலையத்தை விட்டு வெளியே வந்ததும் முதலில் கண்டது மெட்டேயை. காய்கறிக் கடை வாசலில், தோளில் கேமராப் பையுடன், முருங்கைக்காயை முகர்ந்து பார்த்துக்கொண்டிருந்தார். மூன்று காய் ஒன்றரைப் பவுண்டு. வாங்கியும் விட்டார்.

மெட்டே கோபன்ஹேகனில் ஆவணப்படம் எடுப்பவர். ஒரு திரைப்பட விழாவில் எனக்கு அறிமுகமானவர். ஈழத்தமிழ் அகதிகளின் குடும்பங்களுக்கு விசா தராமல் நிறுத்திவைத்த விவகாரத்தில் 1993 ஜனவரியில் டென்மார்க் அரசு பதவி விலகியது. அதுதான் அவருடைய படம். நாடாளுமன்றக் காட்சிகள் கையில் இருக்கின்றன. அந்த மாலை ஒரு தமிழ் வீடு எப்படி இருந்தது என்பதற்கு மட்டும் ஒரு துண்டும் இல்லை. இந்த மாதத்தோடு படத்தொகுப்பு முடிகிறது.

அரை மைல் நடை. கதவைத் திறந்தவர் சிவம்; அந்த மாலை தன் வீட்டில் எடுத்த வீடியோ கசெட் இருப்பதாக என்னிடம் சொன்னவர். டென்மார்க்கின் யூட்லாந்தில் பன்றி இறைச்சித் தொழிற்சாலையில் வேலை பார்த்து, பிள்ளைகளின் படிப்புக்காக லண்டனுக்கு மாறியவர். மனைவி மங்கை, விசாவுக்காகக் கொழும்பில் இரண்டு ஆண்டு காத்திருந்தவர். மெட்டேயிடம் இருவரும் டேனிஷில் பேசினார்கள். சண்டை மட்டும் தமிழில்.

“அந்தக் கசெற்றுக்கு மேல இவர் ஏதும் சினிமாப் படம் அடிச்சு வச்சிருப்பார்” என்றார் மங்கை.

“சும்மா இரும். செய்தி இருக்குது. புதுக் கமராவால எடுத்தனான்.”

11 மணி. கசெட் ஓடியது. திரையில் ஒரு தொலைக்காட்சிப் பெட்டி, அதற்குள் பிரதமர். கேமரா அசையவே இல்லை. அறையில் இருந்தவர்களில் ஒரு முகம்கூடப் பதிவாகவில்லை.

“இது எங்கள் காப்பகத்தில் இதைவிடத் தெளிவாக இருக்கிறது” என்று என்னிடம் ஆங்கிலத்தில் சொல்லிவிட்டு மெட்டே பையை மூடினார்.

“ரீவியை எடுக்கவோ கமரா வாங்கினீங்கள்?” என்றார் மங்கை.

“பின்னை? உங்கட மூஞ்சியளை ஆர் பாக்கிறது?”

ஒலியாவது நன்றாக இருக்கிறது என்று காட்ட, சிவம் சத்தத்தைக் கூட்டினார். பிரதமரின் குரலுக்கு மேலே தமிழ்க் குரல்கள்.

“என்னவாம்?”

“போறாராம்.” இது மங்கையின் குரல். வகுப்புக்குப் போய் டேனிஷ் படித்தவர் அப்போது அவர் மட்டும்தான்.

“எங்கை போறார்?”

“வீட்டை.”

“ஏனாம்?”

“எங்களாலையாம்.”

சிறிது நேரம் பிரதமர் மட்டும் பேசினார். பிறகு ஓர் ஆண் குரல்:

“அப்ப எங்களைத் திருப்பி அனுப்புவாங்களோ?”

சிவமும் மங்கையும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். மெட்டே விழித்தார். மங்கை மறுபடி ஓடவிட்டு, ஒவ்வொரு வரியையும் டேனிஷில் சொன்னார். மெட்டேயும் சிரித்தார், கடைசி வரி வரை. அதைக் கேட்டதும் பையைத் திறந்து, ஒலியைப் பிரதி எடுக்கும் கருவியை வெளியே எடுத்தார்.

“நான் அப்பவே சொன்னனான்” என்றார் சிவம்.

“நீங்கள் ஒண்டும் சொல்லேல்லை.”

12.30. பிரதி எடுத்து முடிந்தது. கசெட்டை யாரும் நிறுத்தவில்லை. அடுத்து வந்தது அதே அறை, மூத்த மகளின் பிறந்தநாள். கேக்கில் இரண்டு மெழுகுவர்த்திகள். சுற்றிலும், டென்மார்க் வழக்கப்படி, அந்நாட்டின் சிறு கொடிகள் குத்தியிருந்தன.