வட்டத்தில் ஆடிய அவுரிகா

புஃப்தேயாவில் சூரியன் உதிக்கும் முன் தியோஃபில் மன்டாவிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளும். மேகங்கள் அவர் வாசலில் வரிசையில் நிற்கும். ருமேனியாவில் அவரைப்போல் இன்னொரு ஒளிப்பதிவாளர் பிறக்கப்போவதில்லை. பிறந்தாலும், வெளிச்சம் சரியில்லை என்று திருப்பி அனுப்பிவிடுவார்.

மனைவி அவுரிகாவிடமும் அதையேதான் சொன்னார்.

"ஊர்ல உள்ளவளையெல்லாம் படம் பிடிக்கிறீங்க, என்னை ஒரு தடவை?"

"வெளிச்சம் சரியில்ல."

ஒருமுறை ஸ்டுடியோவில் கல்யாணக் காட்சி. கைகோத்து வட்டமாக ஆட ஊர்க்காரர்களைத் திரட்டினார்கள். அவுரிகா அவரிடம் சொல்லாமல், பூவேலைச் சட்டையை இரவல் வாங்கிப் போட்டுக்கொண்டு கூட்டத்தோடு நின்றாள். அப்போதெல்லாம் பிலிமை அளந்துதான் கொடுப்பார்கள். ஒரு காட்சியை ஒரே தடவைதான் எடுக்கலாம். ஆடுகிறவர்கள் காமிராவைப் பார்க்கவே கூடாது.

வட்டம் சுழன்று அவுரிகா முன்னால் வந்தாள். நேராகக் காமிராவைப் பார்த்துச் சிரித்தாள். அவரைப் பார்த்துத்தான். அவர் கை லென்ஸின் ஃபோகஸ் வளையத்தைத் திருப்பிவிட்டது. பின்னால் நின்ற பிடில்காரன் தெளிந்தான், அவள் மங்கிப்போனாள்.

"காட்சியைக் காப்பாத்திட்டய்யா!" என்றார் இயக்குநர்.

"நான் தெரிஞ்சேனா?" என்று வீட்டில் கேட்டாள்.

"நல்லா தெரிஞ்ச."

தியேட்டரில் அவளே பார்த்துக்கொண்டாள். வீடு திரும்பி முட்டைக்கோஸ் இலையில் சுற்றிய கறியைச் சூடாக்கி வைத்துவிட்டு, "பிடில்காரன் நல்லா விழுந்திருக்கான்" என்றாள். அதன்பிறகு அவருடைய எந்தப் படத்துக்கும் வரவில்லை. தன்னைப் படம் எடுக்கச் சொல்லவும் இல்லை.

போன குளிர்காலத்தில் அவுரிகா இறந்தாள். கல்லறைச் சிலுவையில் பதிக்க அவள் படம் வேண்டும். வீடு முழுக்கத் தேடியும் அடையாள அட்டையில் முறைக்கிற முகம்தான் கிடைத்தது. அந்த நேரம் பார்த்து, பழைய படத்தைச் சுத்தம் செய்து ஊர் மன்றத்தில் திரையிட்டார்கள். அந்தச் சிரிப்பை எடுத்துக்கொள்ளலாம் என்று தியோஃபில் முதல் வரிசையில் போய் உட்கார்ந்தார். வட்டம் சுழன்றது. இந்தத் தடவை அவுரிகாவின் முகம் பளிச்சென்று தெரிந்தது.

இதுவரை எழுதியதை நான் வாசித்துக் காட்டியபோது தியோஃபில் மாமா கையை உயர்த்தினார்.

"சூரியன் கேக்குறது இருக்கட்டும், ஸ்மரான்டா. பளிச்சுன்னு தெரிஞ்சதா?"

"ஆமா மாமா, சுத்தம் பண்ணதுல..."

"அழுக்கைத்தான் சுத்தம் பண்ண முடியும். நான் திருப்பினதை யாரு திருப்புறது? மங்கல்னு மாத்தி எழுது."

"எனக்குத் தெளிவாத்தான் தெரிஞ்சுது."

"படம் பாக்குறப்ப உன் பக்கத்துலதானே உக்காந்திருந்தேன். தெளிவா இருந்தா நீ எதுக்குடி அழுத?"