டீச்சரின் லேப்டாப்பில் நான் அழித்த சிப்

மாத்தளை டவுனில் இருபது வருஷமாக லேப்டாப் திருத்துகிறேன். கை நடுங்காதவன் என்று எனக்குப் பெயர். கால் மேசைக்குக் கீழே இருப்பதால் அது நடுங்குவது யாருக்கும் தெரியாது.

இரத்தோட்டைப் பக்கத் தோட்டப் பாடசாலை டீச்சர் ஒருவர் ஒரு லேப்டாப்போடு வந்தார். லைட் எரிகிறது, ஸ்கிரீன் கறுப்பு.

"பயாஸ் அப்டேட்டுனு ஓடிக்கிட்டு இருந்துச்சுண்ணே. பஸ்காரன் ஹார்ன் அடிச்சிட்டான். பட்டனை அமுக்கிப் புடிச்சு ஆஃப் பண்ணிட்டேன்."

"அஞ்சு நிமிஷம் பொறுக்க ஏலாதா டீச்சர்? அடுத்த பஸ் வராதா?" என்று பெரிய மனிதனாகக் கேட்டேன்.

"ஸ்கூல் சாமான்ணே. திங்கக்கெழம பிரின்சிபல் மெஷின் நம்பர் பார்த்துத்தான் திருப்பி எடுப்பாரு. கரண்ட் போயி கெட்டுருச்சுன்னு சொல்லிக்கிறேன். நீங்க உசுரு மட்டும் குடுத்துருங்க."

மெஷின் கண் விழிப்பதற்கான புரோகிராம் போர்டில் உள்ள பயாஸ் சிப்பில் இருக்கிறது. எழுதிக்கொண்டிருக்கும்போதே நின்றதால் அது கெட்டிருந்தது. பற்றரியைக் கழற்றி, சிப்பில் கிளிப்பை மாட்டி, உள்ளதை என் கம்ப்யூட்டரில் படித்து சேவ் செய்தேன். கிளிப்பை ஒருமுறை அமுக்கிவிட்டு, புதிதாக எழுதுவதற்காகச் சிப்பை அழித்தேன். அதற்குப் பிறகுதான் சேவ் செய்த ஃபைலைத் திறந்தேன். முதலிலிருந்து கடைசிவரை வெறும் எஃப், எஃப், எஃப்; அதாவது உள்ளே ஒன்றுமே இல்லை. படிக்கும்போது கிளிப் பிடிக்கவே இல்லை. அழிக்கும்போது மட்டும் அழகாகப் பிடித்திருந்தது. மெஷினின் சீரியல் நம்பரும் அந்தச் சிப்பில்தான் இருந்தது.

மாரியம்மனுக்கு ஒரு தேங்காய் நேர்ந்தேன். ஸ்கிரீனை மறுபடி பார்த்துவிட்டு ஒன்பதாக்கினேன்.

அதே மாடலின் ஃபைலைத் தேடி எடுத்து, அடியில் இருந்த ஸ்டிக்கரைப் பார்த்து நம்பரை நானே பதிந்து எழுதினேன். ஸ்கிரீன் வந்தது. வாயை மூடிக்கொண்டிருந்தால் யாருக்கும் தெரியாது. அவரை அதட்டிய வாய் அதற்குச் சம்மதிக்கவில்லை. நடந்ததைச் சொன்னேன்.

டீச்சர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "அண்ணனுக்கு எந்த பஸ் வந்துச்சு?"

ரிப்பேர் துண்டுச்சீட்டில், "பழைய பயாஸைச் சரியாக சேவ் செய்யாமல் அழித்தது என் பிழை. நம்பர் ஸ்டிக்கரைப் பார்த்துப் பதியப்பட்டது" என்று எழுதிக் கையெழுத்து வைத்தேன்.

அவர் அதை இரண்டு தரம் வாசித்தார். பேனாவைக் கேட்டு வாங்கி, கீழே எழுதினார்: "அப்டேட் முடியுமுன் ஆஃப் செய்தது நான்."

இப்போது சிப்பை இரண்டு தரம் படித்து, இரண்டு ஃபைலையும் திறந்து ஒப்பிட்டுப் பார்க்காமல் எதையும் அழிப்பதில்லை. அது சிப் கற்றுத் தந்தது. பிழை செய்தவன் முதலில் கையெழுத்து வைத்தால் அடுத்தவருக்கும் பேனா பாரமாக இருக்காது. அதை அந்தத் துண்டில் கற்றேன்.