அன்னப்பிள்ளையக்கா சுமந்த தண்ணீர்

கரம்பொனில் எங்கள் வளவுக்கும் அன்னப்பிள்ளையக்காவின் வளவுக்கும் நடுவில் ஒரு கிளுவை வேலிதான். நாங்கள் வேதக்காரர், அவர்கள் சைவர். கறிவேப்பிலையும் கதையும் அந்த வேலிக்கு மேலால் போய் வந்துகொண்டே இருக்கும். கதை கொஞ்சம் கூடவே போகும். வாய்க்காரி கிறேஸ் என்று ஊரில் என்னைச் சொல்வார்கள், அதில் பொய் இல்லை. அப்படிப்பட்ட நானே ஒரு விஷயத்தை வாய் திறக்காமல் வைத்திருந்தேன் என்றால் அது அன்னப்பிள்ளையக்காவுக்காகத்தான்.

அக்கா ஐம்பத்தாறில் கல்யாணம் முடித்து இந்த வீட்டுக்கு வந்தவர். புருசன் முருகேசு அண்ணைக்குத் தெற்கே ஒரு பட்டணத்தில் பலசரக்குக் கடை. தீவுப்பகுதியில் அந்த நாளில் கடை முதலாளி ஒருவரை மருமகனாக எடுப்பதென்றால் பெரிய பெருமை. மாப்பிள்ளை வீட்டில் இருக்கமாட்டார் என்பதை யாரும் குறையாகச் சொல்வதில்லை. கல்யாணப் பந்தல் பிரிக்கமுன்னமே அண்ணை தெற்கே போகிற கோச்சி ரயிலில் ஏறிவிட்டார். பிறகு சித்திரை வருஷப்பிறப்புக்கு ஒருமுறை, கோயில் திருவிழாவுக்கு ஒருமுறை வருவார். புதுச்சேலை வரும், பட்டணத்து அல்வா வரும், வீடு ஒரு கிழமை கலகலக்கும். அதற்குப் பிறகு அக்காவும் பூனையும்தான். பிள்ளையும் இல்லை.

தெற்கே தமிழரை அடித்த ஐம்பத்தெட்டுக் கலவரத்தில் அண்ணை தப்பி வந்து சில மாதம் ஊரில் நின்றார். இனிப் போகமாட்டார் என்று அக்கா நம்பினார். அந்த நம்பிக்கையில் வீட்டுக் கூரையைக்கூட மாற்றிக் கட்டுவித்தார். ஊர் அமைதியானதும் அண்ணை பெட்டியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார். கூரை புதிதாக இருந்தது, வீடு மறுபடி வெறுமையாக இருந்தது.

எழுபத்தேழு ஆவணியில் திரும்பவும் அதே கதை. இந்தமுறை கப்பலில் கொண்டுவந்து காங்கேசன்துறையில் இறக்கினார்கள். யாரோ கொடுத்த சேட்டும் சாரமுமாக அண்ணை வந்து படலையடியில் நின்றபோது எனக்கே அடையாளம் தெரியவில்லை. வலது தோளில் கம்பால் அடித்திருந்தார்கள். எலும்பு பொருந்திவிட்டது, ஆனால் கை தோளுக்கு மேலே எழும்பாது. அதைவிட மோசம், அந்த மனிதர் பேச்சை விட்டுவிட்டார். விறாந்தையில் கதிரையைப் போட்டு வெளியே பார்த்தபடி இருப்பார். சாப்பிடக் கூப்பிட்டால் சாப்பிடுவார், கூப்பிடாவிட்டால் அதுவும் இல்லை. விடிய எழும்பிக் கோயில் கேணிக்குப் போய்க் குளித்து, பூசை முடியும்வரை அங்கேயே இருந்துவிட்டு வருவதொன்றுதான் அவராகச் செய்த காரியம்.

ஒருநாள் வேலியடியில் அக்கா என்னிடம் சொன்னார்.

"சந்தோசப்படக் கூடாத நேரத்திலை எனக்குச் சந்தோசமாக் கிடக்கு, கிறேஸ். அந்த மனுசன் கதைக்காட்டியும் வீட்டிலை இருக்கிறாரெல்லோ."

நான் ஏதாவது நக்கலாகச் சொல்லியிருப்பேன். அவருடைய முகத்தைப் பார்த்ததும் கையில் இருந்த கறிவேப்பிலையை நீட்டினேன்.

ஐப்பசி மழைக்குக் குசினிக்குப் பின்னால், அழுகல் தக்காளி வீசிய இடத்தில் நாற்று முளைத்தது. எச்சில் கோப்பை கழுவப் போன அண்ணை அதைக் கண்டு நின்றார். நின்றவர் அங்கேயே குந்திவிட்டார். அன்று பின்னேரம் இடது கையால் மண்வெட்டி பிடித்து நிலத்தைக் கொத்தத் தொடங்கினார். மார்கழிக்குள் கிணற்றடிக்குப் பக்கத்தில் இரண்டு பாத்தி நிறையத் தக்காளிக் கன்று நின்றது.

கன்று சரியாமல் இருக்கக் கம்பு நட வேண்டும் என்று யாரோ சொல்ல, எங்கள் நடு வேலியில் இருந்தே பச்சைக் கிளுவைக் கதியால்களை வெட்டி நட்டார். எங்கள் ஊரில் பிறந்து வளர்ந்த எந்தப் பிள்ளைக்கும் தெரியும், கிளுவையை ஊன்றினால் அது வேர் பிடிக்கும் என்று. தையில் பார்த்தால் தக்காளி ஒரு பக்கம், தளிர்விட்ட கம்பு ஒரு பக்கம். "அண்ணை தோட்டம் செய்யிறாரோ, வேலி அடைக்கிறாரோ" என்று நான் வேலிக்கு மேலால் கேட்டேன். அண்ணை சிரித்தார். ஆவணிக்குப் பிறகு நான் கண்ட முதல் சிரிப்பு அதுதான். கம்பைப் பிடுங்கச் சொன்னதற்கு மாட்டேன் என்றுவிட்டார். முளைத்ததை எப்படிப் பிடுங்குவது என்று கேட்டார்.

கட்டுவதற்குப் பனை நார். கடைக்காரர் பொட்டலம் கட்டுகிற அதே முடிச்சு. ஒரு கை சரியாக உதவாததால் நாரின் ஒரு நுனியைப் பல்லில் கடித்து, மறு நுனியைச் சுற்றி, தண்டு நெரியாமல் தளர விட்டுக் கட்டுவார். செடி ஒரு சாண் உயர்ந்தால் இன்னொரு கட்டு. காலையும் மாலையும் இலை நனையாமல் அடியில் செம்பால் தண்ணீர் விடுவார். முதலில் செடியைப் பற்றிக் கதைத்தார், பிறகு கடையைப் பற்றி, பிறகு எல்லாவற்றையும் பற்றி. தம்பதிகள் இருவரும் கதைக்கிற சத்தம் எங்கள் குசினிக்குக் கேட்கும். இருபது வருஷம் பிந்தி வந்த கல்யாணம் என்று நான் நினைத்துக்கொண்டேன்.

அவருடைய கையால் கயிறு இழுக்க ஏலாது என்பதால் கிணற்றில் அள்ளித் தொட்டியை நிரப்பிக் கொடுப்பது அக்காவின் வேலை. அதில்தான் பிழை வந்தது. எங்கள் தீவுக் கிணறுகளில் நல்ல தண்ணீர் மேலே கொஞ்சம்தான் நிற்கும். அதன் கீழே உவர். அளவாக அள்ளினால் மறுநாள் ஊறும், ஆசைப்பட்டு அடிவரை அள்ளினால் உவர் மேலே ஏறிவிடும். ஏறினால் அடுத்த மாரி வரும்வரை இறங்காது. இது அக்காவுக்குத் தெரியாததல்ல. கிணற்றின் உள்ளே எந்தக் கல் தெரிந்தால் வாளியை நிறுத்த வேண்டும் என்று மற்றவர்களுக்குச் சொல்லிக்கொடுக்கிறவரே அவர்தான். ஆனால் தை வெய்யில் சுட்டது, செடி பூத்து நின்றது, அண்ணை இன்னும் கொஞ்சம் தண்ணீர் கேட்டார். அவர் எதையாவது கேட்கிறார் என்ற சந்தோசத்தில் அக்கா கல்லைப் பார்க்காமல் அள்ளினார்.

மாசி பிறக்கிற நேரம் தண்ணீர் கரித்தது.

ஒருநாள் விடிய நான் மாதா கோயில் வளவுக் கிணற்றுக்குப் போனால், அங்கே அன்னப்பிள்ளையக்கா குடமும் கையுமாக நிற்கிறார். நாங்கள் குடிதண்ணீர் எடுக்கிற கிணறு அது. வீட்டில் இருந்து நல்ல தூரம். அவருடைய கோயில் கிணறு கிட்ட இருக்க ஏன் இங்கே என்று கேட்டேன். அந்தக் கிணற்றுக்குப் போனால் கேணியடியில் இருக்கிற மனிதர் கண்டுவிடுவார் என்றார். பிறகு எல்லாவற்றையும் சொன்னார். கேட்டதும் எனக்குக் கோபம் வந்தது. குடிக்கக் கொண்டுபோனாலும் பரவாயில்லை, தக்காளிக்கு ஊற்ற இடுப்பு முறியச் சுமப்பதா, உங்களுக்கென்ன விசரா என்று ஏசினேன்.

"செடி கருகினா அந்த மனுசன் திரும்பவும் கதிரையிலை போய்க் குந்திவிடுவார். இல்லாட்டி கடைக்கெண்டு வெளிக்கிட்டிடுவார். ரெண்டையும் பாக்க எனக்கு ஏலாது. உன்னைக் கும்பிட்டன், ஒருத்தருக்கும் சொல்லிப்போடாதை."

சரி, சொல்லமாட்டேன் என்றேன். அண்ணை கேணிக்குப் போன பிறகு அக்கா ஒரு நடை போவார், மத்தியானம் அவர் கண் அயர்ந்த பிறகு இன்னொரு நடை. நல்ல தண்ணீரைத் தொட்டியில் ஊற்றி, கிணற்றுத் தண்ணீரையும் கொஞ்சம் கலந்து நிரப்பி வைப்பார். குடிக்கிற பானையில் மட்டும் கலப்பதில்லை. ஏலாத நாளில் நானும் ஒரு குடம் கொண்டுபோய் வேலியால் கொடுத்தேன். அக்காவின் இடுப்பில் சேலைக்குக் கீழே தோல் கன்றிப்போயிருந்தது. அண்ணைக்கு ஒன்றும் தெரியாது. தங்கள் வீட்டுக் கிணற்றுத் தண்ணீர் போல எந்தத் தண்ணீரும் வராது என்று ஒழுங்கையில் போகிறவர்களை எல்லாம் மறித்துச் சொன்னார். கேட்டுக்கொண்டிருக்க எனக்கு நாக்கு நமைத்தது.

தக்காளி நன்றாகவே காய்த்தது. சிவந்த பழத்தைக் கடகத்தில் நிரப்பி அண்ணை வீடு வீடாகக் கொடுத்தார். கதையும் சிரிப்புமாக, பழைய முதலாளி முழுதாகத் திரும்பி வந்துவிட்டார்.

அந்த நேரம் பார்த்து வேலணையில் இருந்து குலசிங்கம் வந்தான். அக்காவுக்குத் தம்பி முறையானவன், கடையில் அண்ணைக்கு வலக்கை. நல்ல பொடியன், எங்கே போனாலும் பகிடியும் பாட்டுந்தான். கடைக் கட்டடத்துச் சொந்தக்காரர் ஒரு சிங்களவர், நல்ல மனிதர். கடையை வேறு யாருக்கும் கொடுக்காமல் பூட்டி வைத்திருக்கிறாராம், முதலாளியை வரச்சொல்லி ஆள் அனுப்பியிருக்கிறாராம். குலசிங்கம் இதைப் பாத்திக்கரையில் குந்தியிருந்து சொன்னான். அண்ணை செடி கட்டிக்கொண்டே கேட்டார். கேட்டு முடிந்தபோது நார் கட்டாமல் கையிலேயே இருந்தது.

அடுத்த கிழமை போவதென்று முடிவாயிற்று. அன்று பின்னேரம் அக்கா வேலியடிக்கு வந்து, அண்ணை சொன்னதை அப்படியே எனக்குச் சொன்னார்.

"'உம்மைத் தனிய விட்டிட்டுப் போறதெண்டுதான் எனக்கு முந்தி யோசினை. இப்ப அது இல்லை. கிணத்திலை நல்ல தண்ணி கிடக்கு, தோட்டம் காய்க்குது, உமக்கு ஒரு குறையும் வராது.' இப்பிடிச் சொல்லுறார், கிறேஸ்."

சொல்லிவிட்டு அக்கா சிரித்தார். அந்தச் சிரிப்பை நான் பார்க்க விரும்பவில்லை. உண்மையைச் சொல்லிவிடுங்கள் என்றேன். எப்படிச் சொல்வது என்று கேட்டார். விழுந்து கிடந்த மனிதர் தன் கையால் ஒரு காரியம் செய்து எழும்பியிருக்கிறார், அது முழுக்கத் தன்னுடைய கெட்டித்தனம் என்று நினைத்துக்கொண்டிருக்கிறார், அதில் கைவைக்க மனம் வரவில்லை என்றார்.

புறப்படுகிற நாள் காலை நானும் போயிருந்தேன். குலசிங்கம் பெட்டியும் கையுமாகப் படலையடியில் வந்து நின்றான். கொளுத்துகிற வெய்யில், தண்ணீர் தா அக்கா என்று கேட்டான். அக்கா குசினிக்குள் போய்ப் பானையில் வார்த்து பித்தளை மூக்குப்பேணியில் கொண்டுவந்து கொடுத்தார். அவன் அண்ணாந்து குடித்துவிட்டு, இந்தத் தண்ணீர் அங்கே கிடைக்காது என்று சொல்லி இன்னொருமுறை வாங்கிக் குடித்தான்.

எனக்கும் தாரும் என்றார் அண்ணை.

அக்கா குசினிப் பக்கம் திரும்பி ஓரடி வைத்தார். பிறகு நின்றார். நின்றவர் நேரே கிணற்றடிக்குப் போனார். கப்பி கிறீச்சிட்ட சத்தம் கேட்டது. செம்பு நிறைய அள்ளிக்கொண்டு வந்து இரண்டு கையாலும் நீட்டினார்.

அண்ணை ஒரு மிடறு குடித்தார். நிறுத்தினார். அக்காவைப் பார்த்தார். பிறகு செம்பில் இருந்த அவ்வளவையும் ஒரு சொட்டு விடாமல் குடித்தார்.

"எப்ப இருந்து?"

"மாசி பிறக்க."

"அப்ப செடிக்கு?"

என் வாய் அவ்வளவு நாளும் அடங்கியிருந்தது பெரிய காரியம். எங்கள் மாதா கோயில் கிணற்றுத் தண்ணீர், அக்காதான் இடுப்பில் சுமந்து ஊற்றினார் என்று சொல்லிவிட்டேன். அண்ணை திரும்பிப் பாத்தியைப் பார்த்தார், தொட்டியைப் பார்த்தார், கடைசியில் அக்காவின் இடுப்பைப் பார்த்தார். கையில் இருந்த தன் பெட்டியைக் கீழே வைத்தார்.

நீ முதல் போ, நான் பிறகு வருகிறேன் என்று குலசிங்கத்திடம் சொன்னார். அவனுக்கு ஒன்றும் விளங்கவில்லை. விட்டால் பஸ் போய்விடும் என்று வழிக்குக் கட்டி வைத்த தக்காளிப் பையையும் தூக்கிக்கொண்டு ஓடினான். சந்தியில் ஹோர்ன் அடித்த சத்தம் எங்களுக்குக் கேட்டது.

மறுநாள் விடிய மாதா கோயில் கிணற்றடியில் பெண்கள் எல்லாரும் விலகி நின்றார்கள். முருகேசு அண்ணை இடது கையில் தகர வாளியோடு நின்றார். எங்கள் பக்கத்தில் ஆம்பிளைகள் குடிதண்ணீர் சுமப்பதில்லை. முதலாளிக்கு வந்த உத்தியோகம் என்று ஊர் சிரித்தது. அவர் யாரையும் பார்க்காமல் சுமந்தார், அந்த வருஷத்துத் தக்காளி முடியும்வரை சுமந்தார்.

அவர் பிறகு போகவே இல்லை. அடுத்த வருஷம் போவதாகத்தான் ஒவ்வொரு வருஷமும் இருந்தது. குலசிங்கம் கடையைத் திறந்து நடத்தினான். சித்திரைக்கு வரும்போது அல்வாவும் கொண்டுவந்து, அண்ணையை வரச்சொல்லி வருந்திக் கேட்பான். வருகிறேன் என்பார். கடைப் பூட்டின் திறப்பு, சாவி ஒரு சோடி, விறாந்தைச் சுவரில் ஆணியில் தொங்கியது. அக்கா தூசு தட்டுவார், ஆனால் அதைக் கழற்றி வைக்கப் பயம். மறித்தது மறித்தேன், ஆனால் அவருடைய முகத்தை நிமிர்ந்து பார்க்க முடியவில்லை என்று என்னிடம் அழுதிருக்கிறார். தண்ணீர் கேட்டுக் கொடுத்தால், அண்ணை குடித்து முடியும்வரை பக்கத்திலேயே நிற்பார்.

எண்பத்துமூன்று ஆடியில் கலவரம் வந்தது. கடைக்கு நெருப்பு வைத்தார்கள், உள்ளே குலசிங்கம் இருந்தான். கட்டடச் சொந்தக்காரர் கதவை உடைக்கப் போய்த் தானும் எரிகாயப்பட்டாராம், அவனைக் காப்பாற்ற முடியவில்லையாம். கப்பலில் வந்த ஒருவர் வேலணைக்குச் சொல்லி, வேலணையில் இருந்து எங்களுக்குச் செய்தி வந்தது.

அண்ணை பழையபடி கதிரையைப் போட்டு விறாந்தையில் இருந்தார். ஊர்ப் பெண்கள் வந்து அக்காவைக் கட்டிப்பிடித்து, உன் தாலியை நீயே காப்பாற்றினாய் என்றார்கள். நானும் அதைத்தான் சொன்னேன். எல்லாரும் போன பிறகு அக்கா குசினி வாசலில் குந்தியிருந்து அந்த மூக்குப்பேணியைப் புளி போட்டு மினுக்கிக்கொண்டிருந்தார். அது முன்னமே மினுங்கியது. போதும் வையுங்கோ என்றேன். அவர் வைக்கவில்லை.

"இவருக்குக் கிணத்துத் தண்ணியைக் குடுத்து மறிச்சனான். அவனுக்கு, கேட்டுக் கேட்டுக் குடிச்சவனுக்கு, பானையிலை இருந்த நல்ல தண்ணியைக் குடுத்து அனுப்பிப்போட்டன், கிறேஸ்."