தக்காளி வேனில் ஒகேனக்கலுக்கு

காலை ஐந்து ஐம்பது. தருமபுரி பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே நின்ற வேனுக்குள் தலையை நீட்டியதும் தக்காளி வாசனை முகத்தில் அடித்தது. வாரத்தில் ஆறு நாள் சீட்டுகளைக் கழற்றிவிட்டுப் பாலக்கோட்டிலிருந்து தக்காளிக் கூடை ஏற்றும் வண்டி அது. ஞாயிற்றுக்கிழமைக்காகச் சீட்டுகளைத் திரும்ப மாட்டி, ஊதுபத்தி கொளுத்தி வைத்திருந்தார்கள். ஊதுபத்தி தோற்றுப் போயிருந்தது.

இது நடந்தது 1971இல், பொங்கல் கழிந்த ஞாயிறு. நான் கும்பகோணத்தில் ஒரு பெண்கள் பள்ளியில் கணக்கு சொல்லித்தருகிறவள். காவிரிக்கரையில் பிறந்தவள் ஆகையால், காவிரியைப் பற்றி எனக்கு யாரும் புதிதாகச் சொல்லிவிட முடியாது என்ற நினைப்பும் உண்டு. அந்த நினைப்பைக் கிண்டல் செய்தே என்னை வரவழைத்தவள் ஆரோக்கியமேரி. ஆசிரியப் பயிற்சிக் காலத்தில் விடுதியில் என் அறைத்தோழி. சரித்திரம் படித்தவள். யாராவது லீவில் போனால் அந்த இடத்துக்கு மூன்று மாதம், நான்கு மாதம் என்று கூப்பிடுவார்கள். அவர்கள் திரும்பி வந்ததும் இவள் வீட்டுக்குப் போக வேண்டும். வருஷத்தில் பாதி நாள் வேலை கிடையாது. அதனால்தான் இந்த யோசனை வந்தது: ஒரே நாளில் மாவட்டத்தின் பழைய இடங்களைச் சுற்றிக் காட்டி, கடைசியில் ஒகேனக்கலில் பரிசல். டிக்கெட் ஆளுக்கு ஆறு ரூபாய். நோட்டீஸைத் தானே கையால் எழுதி, வேனின் முன்கண்ணாடியிலும் ஒட்டியிருந்தாள்.

வேனுக்குச் சொந்தக்காரரும் ஓட்டுகிறவரும் அன்வர் பாய். பெரிய உடம்பு, சின்ன பேச்சு. அவர் போட்ட நிபந்தனையைப் பதினான்கு பயணிகளும் கேட்கும்படியே சொன்னார்.

"மேரியம்மா, நோட்டீஸ்ல போட்டதை எல்லாம் காட்டணும். ஒண்ணு விட்டாலும் ஜனங்க நம்மள ஏமாத்துக்காரங்கன்னு சொல்லும். சாயந்தரம் ஆறரைக்குள்ள இதே எடத்துல எறக்கி வுட்டுரணும். ஏழரைக்குப் பாலக்கோட்டுல லோடு நிக்கும். ரெண்டும் நடந்துச்சுன்னா ஞாயித்துக்கெழமை தோறும் வண்டி உங்களது. இல்லைன்னா இதோட சரிங்க."

"சரிங்க பாய்," என்றாள் மேரி. பிறகு என் பக்கம் திரும்பி, "கணக்கு டீச்சர், நேரத்தை நீ பாத்துக்க," என்று தன் கைக்கடிகாரத்தையே கழற்றிக் கொடுத்துவிட்டாள். வந்த இடத்திலும் எனக்கு மணி அடிக்கும் வேலை.

ஆறு முப்பத்தைந்து. கோவிலூர். பெயரைக் கேட்டுவிட்டு நான் கோபுரத்தைத் தேடினேன். எதிரே நின்றது மாதாகோயில். மேரியின் தாய்வழிச் சொந்தங்கள் இருக்கும் ஊர். முதல் பூசை முடிந்து, தலையில் முக்காடிட்ட பெண்கள் படியிறங்கிக்கொண்டிருந்தார்கள். மைசூர்ப் பக்கத்திலிருந்து மலையும் காடும் தாண்டி நடந்து வந்த பழைய பாதிரிமார்களைப் பற்றி மேரி சொன்னாள். அவர்கள் தமிழும் கன்னடமும் தெலுங்கும் படித்துக்கொண்டுதான் இங்கே வாய் திறக்க முடிந்ததாம். புத்தகத்தில் இருப்பதை ஒப்பிக்காமல், நேற்று பக்கத்துத் தெருவில் நடந்ததைச் சொல்வதுபோல் சொன்னாள். இப்படிப்பட்டவளுக்கு நிரந்தர வேலை கொடுக்காதவர்கள் மேல் எனக்கு அங்கேயே கோபம் வந்தது.

ஏழு மணிக்குக் கிளம்ப வேண்டும். அப்போதுதான் கோயிலுக்குப் பின்னால் பந்திப்பாய் விரித்திருப்பதைக் கண்டோம். இட்லி, கோழிக்குழம்பு, பதினாறு இலை.

"என்ன மேரி இது?"

"ஞாயித்துக்கெழமை பதினாறு பேரு வரோம்னு ஒரு கார்டு போட்டேன். பாவம், சமைச்சிருக்காங்க."

நானும் அதைப் பாசம் என்றே எடுத்துக்கொண்டேன். கோழிக்குழம்பு அப்படி. எழுந்தபோது ஏழு நாற்பது.

எட்டு ஐந்து. அதியமான்கோட்டை. தருமபுரிக்குத் தெற்கே சேலம் சாலையில் இருக்கிறது. அங்கே கோயில் பெருமாளுக்குப் பெயர் சென்னராயர். பெயரிலேயே கன்னட வாடை வீசுகிறது என்று மேரி காட்டிக்கொடுத்தாள். மண்டபத்தில் எல்லோரையும் அண்ணாந்து பார்க்கச் சொன்னாள். கருமை படிந்த விதானத்தில் கொஞ்சம் கொஞ்சமாக நிறம் தெரிய ஆரம்பித்தது: செம்மண் நிறத்தில் தேர், குதிரைகள், வில்லேந்திய கைகள். கடத்தூரிலிருந்து வந்திருந்த மிட்டாய்க்கடைக்காரர் கழுத்து வலிக்கிறதென்று தரையில் துண்டை விரித்துப் படுத்துவிட்டார். அதுதான் சரியான வழி என்று நாங்களும் படுத்தோம். ஒரு கத்தோலிக்கப் பெண் பாரதக் கதை சொல்ல, நாங்கள் மல்லாந்து கேட்டோம்.

எழுந்து பார்த்தால் பட்டர் மந்தாரை இலைகளும் புளியோதரை அண்டாவுமாக நிற்கிறார். "கார்டு வந்துதும்மா. பதினாறு பேருக்குத் தளிகை பண்ணியிருக்கேன். சாப்பிடாம போனா எனக்கு மனசு கேக்காது."

அப்போதுதான் எனக்கு உறைத்தது. "மேரி, எத்தனை கார்டு போட்டே?"

"நாலு எடத்துக்கும்."

எங்கள் ஊரில் பதினாறு பேர் வருகிறோம் என்று கார்டு போட்டால், வீட்டைப் பூட்டிக்கொண்டு மாமியார் ஊருக்குப் போய்விடுவார்கள். இந்த மாவட்டத்தில் வருகிறோம் என்று எழுதினால், சமைத்து வையுங்கள் என்று எழுதியதாகவே அர்த்தம். இங்கேயே பிறந்தவளுக்கு இது தெரியாமலில்லை. திடுதிப்பென்று போய் நிற்பது மரியாதை இல்லை என்று பட்டிருக்கிறது. கார்டு போடாமல் அவளால் இருக்க முடியவில்லை. இரண்டு வாய் சாப்பிட்டுவிட்டு மீதியைப் பொட்டலமாகக் கட்டிக்கொண்டோம். ஒன்பதேகால். ஏற்கெனவே முக்கால் மணி நேரம் பின்தங்கியிருந்தோம். அன்வர் பாய் ஹாரனைத் தேவைக்கு மேல் அடித்தார்.

பதினொன்று பத்து. பென்னாகரம் சாலையிலிருந்து விலகி, சின்ன ஊர் ஒன்று. வழியில் ஒரு டயர் காற்றிறங்கி அரை மணியைத் தின்றிருந்தது. புளியமரத்தடியில் இடுப்பளவு நடுகல். வில்லை ஏந்தி நிற்கிற ஒரு வீரன், அவன் காலடியில் மாடு. மாடுகளை மீட்கப் போய்ச் செத்தவன் என்றாள் மேரி. ஊர்க்காரர்களுக்கு அவன் வேடியப்பன்; மஞ்சள் பூசி, பூச்சூட்டி, பொங்கலுக்குப் படையல் வைத்திருந்தார்கள். கல்லில் இருக்கும் எழுத்து பழந்தமிழ். அதைக் கும்பிடுகிறவர்கள் வீட்டில் பேசுவது கன்னடம். ஆடு மேய்க்கும் கெம்பம்மா என்கிற பெண், களி உருண்டையும் கொள்ளுச் சாறும் வைத்துக்கொண்டு காத்திருந்தாள்.

"ஊட்டா மாடி, ஊட்டா மாடி," என்று கையைப் பிடித்து இழுத்தாள். பிறகு எனக்குப் புரியாதோ என்று, "துன்னுங்கம்மா, கெழங்காட்டம் இருக்கீங்க, களி செரிச்சுரும்," என்றாள். என் உடம்பைப் பற்றிய அன்றைய முதல் விமரிசனம் அது. நின்றபடியே விழுங்கினோம். பன்னிரண்டு ஐந்து.

வண்டியில் ஏறியதும் அன்வர் பாய் முதன்முறையாகத் திரும்பிப் பார்த்தார். "மேரியம்மா, இனிமே யாரு சோறு போட்டாலும் வண்டி நிக்காது."

மேரி தலையாட்டினாள். அவள் முகம் வாடியிருந்தது. நோட்டீஸ் எழுதிய விரல்களை ஒவ்வொன்றாக நெட்டி முறித்துக்கொண்டிருந்தாள். பரீட்சைக்கு முன்னால் விடுதியிலும் அப்படித்தான் செய்வாள்.

பன்னிரண்டு நாற்பது. பென்னாகரத்துக்கு முன்னால் சிறிய தர்கா. வேப்பமர நிழல், வெள்ளைச் சுவர், பச்சைத் துணி போர்த்திய சமாதி. பிள்ளைவரம் கேட்டு மரத்தில் தொட்டில் கட்டிக்கொண்டிருந்தவர்களில் பாதிப்பேர் இந்துக்கள் என்று நெற்றியைப் பார்த்தாலே தெரிந்தது. கால் மணி நேரத்தில் கிளம்பிவிடலாம் என்றிருந்தேன். தர்காவைக் கவனித்துக்கொள்பவரின் மனைவி பின்கட்டிலிருந்து வந்தார். அன்வர் பாயைப் பார்த்ததும் இடுப்பில் கை வைத்துக்கொண்டார்.

"அன்வர், கார்டு வந்து நாலு நாளாச்சு. ஆடு அறுத்தாச்சு. வண்டிய ஆஃப் பண்ணு."

பாயின் சொந்த அக்கா. மேரிக்கே அது தெரியாது. யாரு சோறு போட்டாலும் வண்டி நிக்காது என்றவர், "சரி ஆபா," என்று சாவியைத் திருகி அணைத்துவிட்டு இறங்கினார். பின்சீட்டில் யாரோ சிரிப்பை அடக்கப் பார்த்தார்கள், முடியவில்லை.

பிரியாணியைப் பற்றி எழுதினால் ஒகேனக்கலுக்கு இடம் போதாது. நான்காவது சாப்பாட்டை யாரால் முழுதாகச் சாப்பிட முடியும்? மீதியைச் சமைத்த தேக்சாவோடு துணி கட்டி வேனில் ஏற்றிவிட்டார் ஆபா. இரண்டு நாற்பது.

மூன்று இருபத்தைந்து. ஒகேனக்கல். மலைப்பாதையில் இறங்கும்போதே காதில் ஒரு இரைச்சல் விழுந்தது. லாரி வருகிறதென்று நினைத்தேன். லாரி அல்ல, என் காவிரி. எங்கள் ஊரில் படித்துறையில் சத்தமில்லாமல் கால் நனைத்துவிட்டுப் போகிறவள், இங்கே கரும்பாறைகளைப் பிளந்துகொண்டு பத்து இடத்தில் ஒரே நேரத்தில் குதித்துக்கொண்டிருந்தாள். இத்தனை வருஷமாகக் காவிரியைத் தெரியும் என்று சொல்லிக்கொண்டிருந்ததற்கு எனக்கு வெட்கமாக இருந்தது.

ஆனால் மணலில் பரிசல்களெல்லாம் கவிழ்ந்து கிடந்தன.

பொங்கல் கூட்டம் விடியற்காலையிலிருந்தே அலைமோதியிருக்கிறது. ஓட்டி ஓய்ந்து, பரிசலைக் கவிழ்த்துவிட்டு உட்கார்ந்திருந்தார்கள் பரிசல்காரர்கள். மூங்கில் கூடைமேல் தோல் போர்த்தியதுதான் பரிசல். நாள் முடிந்ததும் தோல் காய வேண்டும்.

"கவுத்தது கவுத்ததுதாங்க," என்றார் மாதையன் என்ற மூத்த பரிசல்காரர். "ஊறுன தோலு நாளைக்குக் கிழிஞ்சுதுன்னா உசுருக்கு யாரு பொறுப்பு? நாளைக்கு வாங்க."

"பாத்தாச்சில்ல, கெளம்பலாம்," என்றார் அன்வர் பாய். குரலில் கோபமில்லை, வருத்தம்தான் இருந்தது. ஐந்து மணிக்குக் கிளம்பினால்தான் ஆறரைக்குத் தருமபுரி. பரிசல் இல்லாமல் போனால் நேரத்துக்குப் போயும் பயனில்லை. நோட்டீஸில் பெரிய எழுத்தில் இருந்தது அதுதான்.

மேரி கெஞ்சவில்லை. மாதையனின் முகத்தைப் பார்த்தாள். மீன் வறுக்கும் கடைகளைப் பார்த்தாள். அடுப்பெல்லாம் அணைந்து, சட்டிகள் கழுவிக் கவிழ்த்திருந்தன.

"அண்ணா, நீங்கெல்லாம் சாப்புட்டீங்களா?"

"எங்கீங்க. காலையில ஒரு டீ. மதியம் போய்ப் பாத்தா ஜனமே எல்லாத்தையும் துன்னுட்டுப் போயிருச்சு."

"தம்மா நேரம் இருங்க," என்று வேனுக்கு ஓடினாள். காலையிலிருந்து எங்களைக் கவிழ்த்த சோறெல்லாம் மணலுக்கு வந்தது: பெருமாள் கோயில் புளியோதரை, தர்காவின் பிரியாணி, எங்களுக்கே தெரியாமல் கெம்பம்மா சீட்டுக்கடியில் வைத்திருந்த களி உருண்டைகள். அக்கரை மைசூர் ராஜ்யம். அங்கிருந்து வந்து ஒதுங்கியிருந்த இரண்டு பரிசல்காரர்களும் களியைக் கண்டதும் சிரித்துக்கொண்டே உட்கார்ந்தார்கள். பரிமாறும்போது மேரி பரிசலைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. நான் கடிகாரத்தைப் பார்க்கவில்லை. பார்த்தால் அழுதுவிடுவேன் போலிருந்தது.

மாதையன் கை கழுவி வந்து தன் பரிசலைத் தட்டிப் பார்த்தார். "தோலு இன்னும் ஈரமாத்தான் கெடக்குது. காய ஆரம்பிக்கல. வெரசா ஏறுங்க."

மூன்று பரிசல். உட்காரும் இடத்தை அவர்தான் சொல்ல வேண்டும். குடும்பம், கூட்டாளி எல்லாம் அங்கே செல்லாது, எடை மட்டுமே பேச்சு. என்னைப் பார்த்துவிட்டு யோசித்தார். "டீச்சரம்மாவுக்கு எதுருல ஒரு ஆளு வேணும். பாய், நீங்க வாங்க."

"நானா? நான் ஏறுனதே இல்லீங்க."

முப்பது வருஷமாக இந்தப் பாதையில் வண்டி ஓட்டுகிறவர் ஒருநாளும் தண்ணீரில் கால் வைத்ததில்லையாம். நான் கிளம்ப வேண்டுமென்றால் அவரும் ஏறத்தான் வேண்டும். என் எடை எனக்குப் பெருமை கொடுத்தது அந்த ஒரு தடவைதான்.

நாலே கால். இரண்டு பக்கமும் பனைமர உயரத்துக்கு மேல் பாறைச்சுவர். நடுவில் பச்சைத் தண்ணீர், மேலே ஒரு கீற்று வானம். அருவிக்குப் பக்கத்தில் போனதும் சாரல் கண்ணை மறைத்தது. மாதையன் துடுப்பை ஒரு சுழற்று சுழற்ற, பரிசல் பம்பரமானது. பாறை, மேரி, அருவி, மிட்டாய்க்கடைக்காரர், மறுபடி பாறை. பக்கத்துப் பரிசலில் தமிழில் கத்தினார்கள். அந்தக் கரையிலிருந்து கன்னடத்தில் பதில் வந்தது. அன்வர் பாய் கண்ணை இறுக மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். மூன்றாவது சுற்றில் கண்ணைத் திறந்தார். நான்காவது சுற்றில், "இன்னொரு தபா சுத்துங்க," என்றார்.

ஐந்து இரண்டுக்கு வேன் கிளம்பியது. நனைந்த துணியோடு, நான் பத்து நிமிஷத்துக்கு ஒருமுறை மணி சொன்னபடி வந்தோம். பென்னாகரம் ஐந்து முப்பத்திரண்டு. தர்காவைத் தாண்டும்போது வாசலில் ஆபா நின்று கை காட்டினார். பாய் இந்தத் தடவை நிறுத்தவில்லை. பதிலுக்கு ஹாரன் மட்டும் அடித்தார்.

தருமபுரி பஸ் ஸ்டாண்டு. ஆறு இருபத்தாறு. நான் சத்தமாகச் சொன்னேன். கடிகாரத்தை எல்லோரிடமும் காட்டினேன். பதினான்கு பேரும் கை தட்டியதில் பஸ்ஸுக்கு நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். மேரி சிரித்தாள், உடனே முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

அன்வர் பாய் சீட்டுகளைக் கழற்ற ஆரம்பித்தபடியே சொன்னார். "அடுத்த ஞாயிறு வண்டி வரும். ஒரே ஒரு கண்டிசன்."

"கார்டு போடக் கூடாது, அவ்வளவுதானே பாய்?"

"போடாமப் போனா எங்க ஆபா என்னை வூட்டுக்குள்ள சேக்காது. கார்டு போடுங்க. காலையில நாலரைக்கே கெளம்பிரலாம்."

மறுநாள் காலை சேலம் பஸ்ஸில் உட்கார்ந்திருந்தபோது அந்த வேன் எதிரே போயிற்று. உள்ளே கூரை முட்டத் தக்காளிக் கூடைகள். முன்கண்ணாடியில் மேரியின் நோட்டீஸ் இருந்த இடத்திலேயே இருந்தது. பாய் அதைக் கிழிக்கவில்லை.

கும்பகோணம் வந்து சேர்ந்த மறுநாள் படித்துறையில் இறங்கினேன். தண்ணீர் வழக்கம்போல் அமைதியாகப் போய்க்கொண்டிருந்தது. ஒகேனக்கலில் எங்களைச் சுழற்றிய தண்ணீர் இதுவா என்று நின்று பார்த்தேன். இருக்காது. அதை மேட்டூரில் நிறுத்தி உட்கார வைத்திருப்பார்கள். அந்தப் பக்கத்து ஜனங்கள் யாரையும் அவ்வளவு சீக்கிரம் விடமாட்டார்கள்.