இனி ஒப்புக்குச் சப்பாணி இல்லை

எங்கள் தெரு ஒரு முட்டுச்சந்து. பெரிய மார்க்கெட்டிலிருந்து நடந்தே வந்துவிடலாம். ஆனால் உள்ளே நுழைந்த வண்டி மறுபக்கம் போக வழியில்லை, சந்தின் கோடியில் சொல்தா வீட்டின் பின்சுவர் நிற்கிறது. அந்த வீட்டுப் பெரியவர் பிரெஞ்சு ராணுவத்தில் இருந்தவர், அப்படிப்பட்டவர்களை எங்கள் ஊரில் சொல்தா என்பார்கள். குடும்பம் இப்போது பாரிஸில் இருக்கிறது, சுவர் எங்கள் பிள்ளைகளிடம் இருக்கிறது. கண்ணைப் பொத்தி எண்ணுவதும், சண்டை வந்தால் முகத்தைத் திருப்பிக்கொண்டு நிற்பதும் அந்தச் சுவரில்தான்.

எனக்கு வேலை சேதராப்பட்டில், மாத்திரை அட்டைகளைப் பெட்டியில் அடைக்கும் ஒரு கம்பெனியில். காலை ஷிப்ட் வாரங்களில் கம்பெனி பஸ் என்னை வெயில் தாழ்வதற்குள் கொண்டுவந்து விட்டுவிடும். டீயை எடுத்துக்கொண்டு வாசல்படியில் உட்காருவேன். வெங்காயம் உரிப்பதோ துணி மடிப்பதோ, கைக்கு ஏதாவது வேலை இருக்கும். கண் பிள்ளைகள் மேல் இருக்கும். கணவருக்கு மார்க்கெட்டில் பூக்கடை, இருட்டிய பிறகுதான் வீட்டுக்கு வருவார்.

எங்களுக்கு இரண்டு பிள்ளைகள். பெரியவளுக்கு அப்போது பத்து வயது, சின்னவனுக்கு ஐந்து. சாயங்காலம் ஆனால் சந்துப் பிள்ளைகள் எல்லாம் கூடி ஓடிப்பிடிச்சு விளையாடுவார்கள். அந்தச் சுவரை ஒட்டி இருக்கும் கோடி வீட்டுப் பெண்தான் தலைவி. பன்னிரண்டு வயது. அவள் அம்மா வீராம்பட்டினத்திலிருந்து கட்டிக்கொடுக்கப்பட்டு வந்தவர், மார்க்கெட்டில் மீன் விற்கிறார். அம்மாவின் குரல் அப்படியே மகளுக்கும் வந்திருந்தது. அவள் "அவுட்டு" என்று சொல்லிவிட்டால் மறுபேச்சு இல்லை.

சின்னவன் அந்த ஆட்டத்தில் ஒப்புக்குச் சப்பாணி. எல்லோரும் வட்டமாக நின்று சா பூ த்ரீ போடும்போது அவன் கையைக் கணக்கில் எடுக்கமாட்டார்கள். யார் தொட்டாலும் அவன் அவுட் இல்லை. இது அவனுக்குத் தெரியாது. தன் ஓட்டத்துக்கு யாராலும் ஈடு கொடுக்க முடியவில்லை என்றே நம்பிக்கொண்டிருந்தான்.

"இன்னிக்கும் என்னை யாராலயும் அவுட் ஆக்க முடியலம்மா" என்று தினமும் வந்து சொல்வான். "அப்படியா" என்று கேட்டுக்கொண்டே கால் கழுவி விடுவேன். அவன் அக்கா பக்கத்தில் நின்று கேட்பாள், ஒரு வார்த்தை சொல்லமாட்டாள். தம்பியைக் கிண்டல் செய்ய ஒரு சந்தர்ப்பத்தையும் விடாதவள், இந்த ஒரு விஷயத்தில் வாயைத் திறந்ததே இல்லை.

பள்ளிக்கூடம் திறந்த சமயம், நடு வீட்டுக்கு ஒரு குடும்பம் குடிவந்தது. அவர்களுக்கு ஒரே பையன், சின்னவனைவிட ஒரு வயது பெரியவன். வந்த சில நாட்களிலேயே ஆட்டத்தில் சேர்ந்துவிட்டான். அவனுக்கு எங்கள் சந்தின் வழக்கம் தெரியாது. ஒருநாள் துரத்தி வந்து சின்னவனின் முதுகில் தட்டி, "அவுட்டு!" என்று கத்தினான். சின்னவன் சிரித்துக்கொண்டே ஓடிக்கொண்டிருந்தான்.

"டேய், நீ அவுட்டுடா! நில்லு!"

கோடி வீட்டுப் பெண் தூரத்திலிருந்து குரல் கொடுத்தாள். "அவன் ஒப்புக்குச் சப்பாணிடா. அவனை உட்டுட்டு வேற ஆளைத் தொரத்து."

சின்னவன் நின்றுவிட்டான். ஆட்டம் அவனைச் சுற்றிக்கொண்டு ஓடியது.

நான் அரிசி களைந்துகொண்டிருந்தபோது அடுப்படிக்கு வந்தான்.

"ஒப்புக்குச் சப்பாணின்னா இன்னாம்மா?"

"சின்னப் பசங்களையும் ஆட்டத்துல சேத்துப்பாங்க இல்ல, அதுக்குப் பேரு."

"சேத்துக்கினா ஏன் அவுட் ஆவல?"

"சின்னப் புள்ள பாவம்னு உட்டுடுவாங்க."

"அப்போ நான் வேகமா ஓடுறதுனால இல்லியா?"

நான் அரிசித் தண்ணீரை வடித்தேன். அவன் பதிலுக்கு நிற்கவில்லை. என் முகத்திலேயே அதைப் படித்துக்கொண்டு போய்விட்டான்.

மறுநாள் நடந்ததை வாசல்படியிலிருந்து பார்த்தேன். பிடிக்க வருகிறவர்களின் எதிரில் போய்ப் போய் நின்றான். ஒருத்தி அவனைச் சுற்றிக்கொண்டு ஓடினாள். இன்னொருவன் தோளைப் பிடித்து மெல்லத் தள்ளிவிட்டுப் போனான். கடைசியில் நடு வீட்டுப் பையனிடம் முதுகைக் காட்டி நின்று, "தொடு, என்னைத் தொடு" என்றான். அந்தப் பையன் கோடி வீட்டுப் பெண்ணின் முகத்தைப் பார்த்துவிட்டு நகர்ந்துகொண்டான்.

விக்கி விக்கி அழுதபடி வந்து என் மடியில் விழுந்தான். "யாருமே... என்னை... புடிக்க மாட்டேங்கிறாங்க."

அழுகையில் எனக்குச் சரியாகக் காதில் விழவில்லை. "யாருக்குடா உன்னைப் புடிக்காது? எல்லாருக்கும் உன்னைப் புடிக்கும்டா செல்லம்" என்றேன்.

"அய்யோ, அது இல்லம்மா!" என்று காலை உதைத்துக்கொண்டு இன்னும் பலமாக அழுதான். "என்னைப் புடிக்கவே மாட்டேங்கிறாங்க!"

பிறகு புரிந்தது. சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டேன். ஆனால் அன்றைக்கு அவன் அழுகை பொம்மைக்கும் ஐஸ்கிரீமுக்கும் அழுகிற அழுகை மாதிரி இல்லை என்பது எனக்கே தெரிந்தது. தன்னை ஆளாகக் கணக்கில் வைக்கவில்லை என்பதற்காக அவன் அழுதது அதுதான் முதல் தடவை.

அதன் பிறகு அவன் விளையாடப் போகவில்லை. என் பக்கத்தில் உட்கார்ந்து ஆட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான். "வா, நான் உன்னைப் புடிக்கிறேன்" என்று எழுந்தேன். "நீ வேணாம்" என்றான். போனில் அவன் அப்பாவிடம் சொன்னேன். ஸ்பீக்கரில் போட்டேன்.

"நான் வந்து அந்தப் பசங்ககிட்ட சொல்றேன்டா. நாளையிலேர்ந்து உன்னையும் சேத்துக்குவாங்க."

"நீ சொல்லக் கூடாது" என்றான் சின்னவன். "நீ சொன்னா, நீ சொன்னதுக்காக சேத்துப்பாங்க."

"சரிப்பா, சொல்லல" என்றார்.

கடைசியில் பேசியது பெரியவள்தான். நான் கேட்கச் சொல்லவில்லை. துணி உலர்த்திக்கொண்டிருந்தேன், கொடியில் தொங்கிய புடவைக்கு அந்தப் பக்கம் பிள்ளைகள் சுவரோரம் கூடியிருந்தார்கள்.

"என் தம்பியைக் கணக்குல சேத்துக்கலாம்" என்றாள்.

"வேணாம்டி" என்றாள் கோடி வீட்டுப் பெண். "அவனால யாரையும் புடிக்க முடியாது. அவன் அவுட் ஆனா அவனே தொரத்திக்கினு இருப்பான். அப்புறம் அழுவான். ஆட்டம் நின்னு போயிடும்."

அவள் குரலில் இளக்காரம் துளியும் இல்லை. நடக்கப்போவதை நடக்கப்போகிறபடி சொன்னாள். அவள் சொன்னது எனக்கும் நியாயமாகத்தான் பட்டது.

"அழ மாட்டான்."

"அழுதா?"

பெரியவள் யோசித்தாள். "அழுதா அவனை வீட்டுக்குக் கூட்டிக்கினு போயிடறேன். அன்னிக்கு நானும் ஆட்டத்துக்கு வரல."

ஓடிப்பிடிச்சு என்றால் சோற்றை மறந்துவிடுகிறவள் அவள். அவள் அதைச் சொன்னபோது என் கையில் ஈரத்துணி அப்படியே நின்றது. கோடி வீட்டுப் பெண் நடு வீட்டுப் பையனைப் பார்த்தாள். அவன் "வரட்டுமே" என்றான். "சரி, கூட்டியா" என்றாள் அவள்.

சா பூ த்ரீ வட்டத்தில் சின்னவனின் கை எல்லாக் கைகளுக்கும் கீழே தெரிந்தது. குனிந்து எண்ணினார்கள். ஆட்டம் ஆரம்பித்த கொஞ்ச நேரத்திலேயே அவன் அவுட். நான் அதற்குள் மாவு கரைக்க உள்ளே போயிருந்தேன். கதவில் மோதிக்கொண்டு ஓடிவந்தான்.

"அம்மா! நான் அவுட்டாயிட்டேன்! நெஜம்மாவே அவுட்டு!"

மாவுக் கையோடு அவனை அணைத்துக்கொண்டேன். அப்பாவுக்குப் போன் போடு என்றான். பூக்கடையில் கூட்ட நேரம். "அவுட் ஆனதுக்கா இவ்ளோ சந்தோஷம்?" என்று அவர் சத்தம் போட்டுச் சிரித்தது கடையில் நின்ற எல்லோருக்கும் கேட்டிருக்கும். சின்னவன் அதற்குள் வெளியே ஓடிவிட்டான். தெருவே அவனுக்காகக் காத்துக்கொண்டிருந்தது, இப்போது அவன்தானே பிடிக்க வேண்டும்!

அந்தச் சந்தோஷம் நீண்ட நாள் தாங்கவில்லை. கோடி வீட்டுப் பெண் சொன்னபடியே ஆயிற்று, அவனால் யாரையும் பிடிக்க முடியவில்லை. உதடு துடிக்கும், அக்காவைப் பார்ப்பான், சட்டையைத் தூக்கி முகத்தைத் துடைத்துக்கொண்டு மறுபடி ஓடுவான். ஒருநாள் அக்கா பாவப்பட்டு வேகத்தைக் குறைத்தாள். "நீ வேணும்னே மெதுவா ஓடுற! உன்னைத் தொட மாட்டேன்" என்று அவளிடம் கோபித்துக்கொண்டான்.

பிறகு அவனுக்கு இன்னொரு வித்தை வந்தது. தொட்டாலும் தொடவில்லை என்று சாதிப்பது. அது எங்கிருந்து வந்ததென்று ஆச்சரியப்பட வேண்டியதில்லை. அவுட் ஆவதே பெருமையாக இருந்தவன், பிடிபடாமல் ஜெயிப்பது எப்படியிருக்கும் என்று கொஞ்சம் ருசி பார்த்துவிட்டான், அவ்வளவுதான். ஒருநாள் நடு வீட்டுப் பையனோடு பெரிய சண்டை.

"தொட்டேன்!"

"தொடல! காத்துதான் பட்டுச்சு!"

வேறு யாரும் பார்க்கவில்லை. நடு வீட்டுப் பையன் கண் கலங்கி வீட்டுக்குப் போய்விட்டான். அன்றைக்கு ஆட்டம் அத்தோடு கலைந்தது. சாப்பிடும்போது சின்னவன் நிறுத்தாமல் பேசினான்: அந்தப் பையன் பொய் சொல்கிறான், தன்மேல் படவே இல்லை, காற்றுதான். பெரியவள் ரசத்தைக் குடித்துக்கொண்டிருந்தாள். எனக்கு நாக்கு நுனி வரை ஒரு பிரசங்கம் வந்தது. கூட ஒரு கரண்டி சோறு போட்டுவிட்டு நிறுத்திக்கொண்டேன்.

மறுநாளிலிருந்து எனக்கு மதிய ஷிப்ட். காலையில் வீட்டில் இருந்தேன். ஸ்கூல் ஷூவுக்கு லேஸ் கட்டிவிடும்போது, என் தலைக்கு மேலிருந்து சின்னவனின் குரல் வந்தது.

"கொஞ்சமா தொட்டான்மா."

"யாரு?"

"அவன்தான். சட்டைல மட்டும்."

"சட்டைக்குள்ள யார் இருந்தா?"

சிரிப்பு வந்துவிட்டது அவனுக்கு. உடனே அடக்கிக்கொண்டு, "நான்தான்" என்றான். இன்னொரு காலை நீட்டினான். அந்த லேஸையும் கட்டினேன். அதற்குமேல் நானும் கேட்கவில்லை, அவனும் சொல்லவில்லை.

மீதியைப் பெரியவள் சொல்லித்தான் தெரியும். சாயங்காலம் நடு வீட்டு வாசலில் போய் நின்று கூப்பிட்டிருக்கிறான். அந்தப் பையன் கதவைப் பாதி திறந்து எட்டிப் பார்த்திருக்கிறான்.

"நேத்து நீ என்னைத் தொட்ட" என்றானாம் சின்னவன்.

"தெரியும்" என்றானாம் அவன்.

"நான் அவுட்டு. இன்னிக்கு நானே மொதல்ல புடிக்கிறேன்."

அந்தப் பையன் செருப்பைத் தேடி மாட்டிக்கொண்டு வெளியே வந்துவிட்டான். மன்னிப்பு என்ற வார்த்தையே அங்கே வரவில்லை. இரண்டு பேருக்கும் அது தேவைப்பட்ட மாதிரியும் தெரியவில்லை என்று பெரியவள் வியந்தாள்.

பஸ்ஸில் என் பக்கத்து சீட்டில் உட்காரும் தோழியிடம் இதைச் சொன்னேன். அவளுக்கும் அதே வயதில் மகள் இருக்கிறாள். "நீ இன்னா சொல்லிக் குடுத்த அவனுக்கு?" என்று கேட்டாள். யோசித்துப் பார்த்தேன். லேஸ் கட்டிவிட்டதைத் தவிர நான் எதுவும் செய்ததாக நினைவில்லை. அவனுக்குத் தேவையானதை அந்தச் சந்தில் ஓடியவர்கள் பார்த்துக்கொண்டார்கள். அவனைத் தள்ளி வைக்க ஒரு நியாயம் சொன்னவளும், அவனுக்காகத் தன் ஆட்டத்தையே பந்தயம் வைத்தவளும், பொய்யனோடு மறுநாளே ஓட வந்தவனும். எல்லோரும் பிள்ளைகள்.

இப்போது சின்னவன் இரண்டாம் வகுப்பு. அவனும் நடு வீட்டுப் பையனும் ஒரே வேனில் பள்ளிக்கூடம் போகிறார்கள், ஜன்னல் சீட்டுக்கு அடித்துக்கொள்கிறார்கள், லஞ்ச் டப்பாவை மாற்றிக்கொள்கிறார்கள். கோடி வீட்டுப் பெண் பெரிய வகுப்பு, டியூஷன் இல்லாத நாட்களில் மட்டும் ஆடுகிறாள். நேற்று அவள் வந்திருந்தாள். சின்னவன் அவளைச் சந்து முழுக்கத் துரத்தியும் பிடிக்க முடியாமல், முழங்காலில் கையை ஊன்றி மூச்சு வாங்கினான். வியர்வை சொட்டியது. "இன்னொரு வாட்டி ஓடு" என்றான் அவளிடம். குக்கர் விசில் அடித்தது, நான் உள்ளே போனேன்.